குடும்ப ஓய்வூதியத்தில் தகராறு வந்தால்: கணவரை இழந்த மனைவிக்கான சட்ட வழிகாட்டி

காரியம் முடிந்து, இறப்புச் சான்றிதழையும் வாரிசுச் சான்றிதழையும் வாங்கிக்கொண்டு கணவர் வேலை பார்த்த அலுவலகத்துக்குப் போகிறீர்கள். “வேறொருத்தரும் மனு கொடுத்திருக்காங்கம்மா. கோர்ட்டுல உத்தரவு வாங்கிட்டு வாங்க, அப்புறம் பார்க்கலாம்” என்கிறார் பிரிவு எழுத்தர். வாய்மொழியாக வந்த இந்தப் பதிலைக் கேட்டுவிட்டு வீடு திரும்பி, வருடக்கணக்கில் ஒரு ரூபாய்கூட வாங்காமல் இருந்துவிடும் பெண்கள் பலர். எந்தக் கோர்ட், என்ன உத்தரவு, யாருக்கு எதிராக என்று யாரும் அவர்களுக்குச் சொல்வதில்லை. அதைச் சொல்லத்தான் இந்த அத்தியாயம்.

இது யாருடைய பணம்?

வழக்குக்குப் போகும் முன் இந்தக் கேள்விக்கு விடை தெரிந்திருக்க வேண்டும். ஓய்வூதியம் அரசு இரங்கிக் கொடுக்கும் கொடை அல்ல. செய்த வேலைக்கான உரிமை என்று 1982 டிசம்பரில் டி.எஸ். நகரா வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு தீர்ப்பளித்தது. ஊழியரின் மனைவிக்கும் மைனர் குழந்தைகளுக்கும் குடும்ப ஓய்வூதியம் அதே மாதிரி உரிமைதான் என்பதை 1985இல் பூனம்மாள் வழக்கு உறுதிசெய்தது.

அடுத்த படி இன்னும் முக்கியம். குடும்ப ஓய்வூதியம் இறந்தவர் விட்டுப்போன சொத்து அல்ல. அவர் உயிரோடு இருந்தவரை அந்தப் பணம் அவருக்கு உரியதாக இருந்ததே இல்லை. அவர் இறந்த பிறகு, விதியில் சொல்லியுள்ள நபருக்கு அரசு நேரடியாகத் தருவது அது. ரயில்வே ஊழியர் ஒருவர் தன் சகோதரர் பெயருக்கு உயில் எழுதிவைத்திருந்த வழக்கில் (வயலட் ஐசக் எதிர் இந்திய ஒன்றியம், 1991), உயிலை வைத்துக் குடும்ப ஓய்வூதியத்தைக் கேட்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் சொன்னது இதனால்தான்.

இதிலிருந்து நான்கு முடிவுகள் வருகின்றன. உறவினர் எவர் என்ன சொன்னாலும் இவற்றை மறக்காதீர்கள்.

1. உயில் செல்லாது. மனைவிக்குப் பதிலாக அண்ணனுக்கோ தங்கைக்கோ இந்த ஓய்வூதியத்தை எழுதிவைக்க முடியாது.

2. நாமினி பெயர் மட்டும் உரிமை தராது. 1999இல் ஜி.எல். பாட்டியா வழக்கில், இறந்த பெண் ஊழியர் வேறொருவரை நாமினியாகப் போட்டிருந்தும், பிரிந்து வாழ்ந்த கணவருக்கே குடும்ப ஓய்வூதியம் என்று தீர்ப்பானது. சட்டப்படியான பிரிவு உத்தரவு அங்கே இல்லை. கணவருக்குச் சொன்ன அதே விதிதான் மனைவிக்கும்.

3. வாரிசுச் சான்றிதழில் பெயர் இருப்பதால் மட்டும் பங்கு கிடைக்காது. மாமியார் பெயர் அதில் இருக்கும். இந்து வாரிசுரிமைச் சட்டத்தில் தாயும் முதல் நிலை வாரிசு. ஆனால் மனைவியோ தகுதியுள்ள பிள்ளைகளோ இருக்கும்போது பெற்றோருக்குக் குடும்ப ஓய்வூதியம் வராது.

4. வருங்கால வைப்பு நிதிக் கணக்கு வேறு. அது இறந்தவரின் சொத்து. நாமினி பணத்தை வாங்கும் கை மட்டுமே. வாரிசுகளுக்குப் பங்கு உண்டு என்று 2009இல் சிப்ரா சென்குப்தா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. அங்கே தாய் நாமினி. மனைவிக்கும் பங்கு கிடைத்தது.

ஆகவே மாமியாரோடு வைப்பு நிதியில் தகராறு இருந்தால், அதற்காகக் குடும்ப ஓய்வூதியத்தையும் சேர்த்து நிறுத்திவைக்க அலுவலகத்துக்குக் காரணம் இல்லை. இரண்டையும் பிரித்துத் தனித்தனி மனுவாகக் கொடுங்கள்.

எந்த விதி உங்களுக்குப் பொருந்தும்?

தமிழக அரசு ஊழியர் என்றால் 1978ஆம் ஆண்டு தமிழ்நாடு ஓய்வூதிய விதிகள். அதில் 49ஆவது விதி குடும்ப ஓய்வூதியத்தைச் சொல்கிறது. மத்திய அரசு ஊழியருக்கு 2021ஆம் ஆண்டு மத்தியக் குடிமைப் பணி ஓய்வூதிய விதிகளின் 50ஆவது விதி; அதற்கு முன் 1972 விதிகளின் 54ஆவது விதி. பழைய தீர்ப்புகளில் 54 என்ற எண்ணைத்தான் பார்ப்பீர்கள்.

தமிழகத்தில் 2003 ஏப்ரல் 1 முதலும், மத்திய அரசில் (ராணுவம் தவிர) 2004 ஜனவரி 1 முதலும் சேர்ந்தவர்கள் பங்களிப்பு ஓய்வூதியத்தின் கீழ் வருகிறார்கள். இவர்களில் மத்திய அரசு ஊழியர் பணியில் இருக்கும்போதே இறந்தால், பழைய விதிப்படி குடும்ப ஓய்வூதியம் பெற வழி இருக்கிறது. மின்வாரியம், போக்குவரத்துக் கழகம் போன்றவற்றில் வேலை பார்த்தவர்களின் குடும்பங்கள் அந்தந்த நிறுவன விதியைக் கேட்டு வாங்க வேண்டும்.

சாதாரண விகிதம் கடைசி அடிப்படைச் சம்பளத்தில் 30 சதவீதம். கடைசிச் சம்பளம் 42,000 ரூபாய் என்றால் 12,600 ரூபாய்; அதன்மேல் அகவிலைப்படி. குறிப்பிட்ட காலம்வரை 50 சதவீதம், அதாவது 21,000 ரூபாய், உயர்த்தப்பட்ட விகிதமாக வரும். அந்த விகிதம் எந்தத் தேதியில் முடிகிறது என்பது ஓய்வூதிய ஆணையிலேயே எழுதப்பட்டிருக்கும்.

அடிக்கடி வரும் தகராறுகள்

*இரண்டு மனைவியர்.* நீதிமன்றத்துக்கு மிக அதிகமாக வருவது இதுதான். இந்துக்களுக்கு, முதல் மனைவி உயிரோடு இருந்து, விவாகரத்தும் ஆகாத நிலையில் நடந்த இரண்டாவது திருமணம் 1955ஆம் ஆண்டு இந்துத் திருமணச் சட்டப்படி செல்லாது. சென்னை மாகாணத்தில் இந்தத் தடை 1949லேயே வந்துவிட்டது. ஆகவே இரண்டாவதாக வந்தவர் முப்பது ஆண்டு கூட வாழ்ந்திருந்தாலும், முதல் மனைவி உயிரோடு இருக்கும்போது குடும்ப ஓய்வூதியம் முதல் மனைவிக்குத்தான்.

ஆனால் குழந்தைகள் கதை வேறு. பீகாரைச் சேர்ந்த ரமேஷ்வரி தேவி வழக்கில் (2000), இரண்டாம் மனைவிக்கு உரிமை இல்லை, அவர் பெற்ற பிள்ளைகள் இந்துத் திருமணச் சட்டத்தின் 16ஆவது பிரிவின்படி சட்டபூர்வமான பிள்ளைகள், மேஜராகும்வரை அவர்களுக்கும் பங்கு உண்டு என்று உச்ச நீதிமன்றம் முடிவு செய்தது. நீங்கள் முதல் மனைவி என்றால் இந்தப் பிள்ளைகளின் பங்கை எதிர்த்து வழக்கை இழுக்காதீர்கள். உங்கள் பங்கும் அதோடு நின்றுபோகும். நீங்கள் இரண்டாவதாக வந்தவர் என்றால், உங்கள் பெயரில் கேட்பது நிற்காவிட்டாலும், பிள்ளைகளுக்குக் காப்பாளராகக் கேட்கலாம்.

முதல் மனைவி முன்பே இறந்துபோனாலோ, பின்னாளில் விவாகரத்து கிடைத்திருந்தாலோ நிலைமை மாறக்கூடும். அதற்குப் பிறகும் நீண்டகாலம் கணவன் மனைவியாக ஊரறிய வாழ்ந்ததை வைத்துத் திருமணத்தை ஊகித்து, ராணுவ வீரர் ஒருவரின் துணைவிக்கு 2023இல் உச்ச நீதிமன்றம் ஓய்வூதியம் வழங்கியது. இப்படிப்பட்ட வழக்குகளில் தேதிகளே உயிர்நாடி. முதல் மனைவி இறந்த நாள், அல்லது விவாகரத்து ஆன நாள். அதன்பின் எத்தனை ஆண்டு சேர்ந்து வாழ்ந்தீர்கள் என்பதற்கான தாள். இவை மனுவின் முதல் பக்கத்திலேயே இருக்க வேண்டும்.

முஸ்லிம் ஊழியர் என்றால், தனிச்சட்டப்படி இரண்டாம் திருமணம் செல்லும். ஒன்றுக்கு மேற்பட்ட மனைவியர் தகுதியோடு இருந்தால் சம பங்காகப் பிரித்துத் தர விதியிலேயே இடம் இருக்கிறது.

*பிரிந்து வாழ்ந்த மனைவி.* பிறந்த வீட்டுக்கு வந்து இருபது வருடம் ஆனாலும், நீதிமன்றத்தில் விவாகரத்து ஆகாதவரை நீங்கள் மனைவிதான். முத்திரைத்தாளில் எழுதி, ஊர்ப் பெரியவர்கள் கையெழுத்துப் போட்ட ‘விடுதலைப் பத்திரம்’ விவாகரத்து ஆகாது. சமூகத்தில் அப்படி ஒரு வழக்கம் காலங்காலமாக இருந்தது என்று நிரூபித்தால்தான் அது நிற்கும்; நிரூபிக்கும் பொறுப்பு அந்தப் பத்திரத்தைக் காட்டுபவருடையது. நீங்கள் ஜீவனாம்ச வழக்குப் போட்டு உத்தரவு வாங்கியிருந்தால், அந்த உத்தரவின் நகல் உங்கள் கையில் இருக்கும் மிக வலுவான ஆவணங்களில் ஒன்று.

*ஓய்வுக்குப் பின் நடந்த திருமணம்.* ‘பணியில் இருக்கும்போது கல்யாணம் ஆகவில்லை, ஆகவே கிடையாது’ என்று திருப்பி அனுப்பினால், 1989ஆம் ஆண்டு பகவந்தி வழக்கைச் சொல்லுங்கள். ஓய்வுக்குப் பின் மணந்தவரை ஒதுக்குவது சமத்துவ உரிமைக்கு எதிரானது என்று உச்ச நீதிமன்றம் தீர்த்துவைத்த விஷயம் அது.

*தத்துப் பிள்ளை.* கணவர் இறந்தபின் மனைவி எடுத்த தத்துப் பிள்ளைக்கு மத்திய விதிகளின் கீழ் குடும்ப ஓய்வூதியம் இல்லை என்று 2023 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. கணவர் உயிரோடு இருந்தபோதே எடுத்த தத்து என்றால், அந்தப் பத்திரத்தைப் பத்திரமாக வையுங்கள்.

*மறுமணம்.* பொதுவாக மறுமணத்தோடு மனைவியின் குடும்ப ஓய்வூதியம் நின்றுவிடும். தகுதியுள்ள பிள்ளைகளுக்கு மாறும். மத்திய அரசில், குழந்தையில்லாத மனைவிக்கு வருமான வரம்புக்கு உட்பட்டு மறுமணத்துக்குப் பிறகும் தொடர வழி உண்டு.

*கூடுதலாகக் கொடுத்துவிட்டோம் என்று பிடித்தம்.* உயர்த்தப்பட்ட விகிதம் முடிந்த தேதியைக் கருவூலமோ வங்கியோ கவனிக்காமல் விட்டு, பல ஆண்டு கழித்து லட்சக்கணக்கில் திருப்பிக் கேட்பது உண்டு. நீங்கள் எதையும் மறைக்காமல் இருந்து, தவறு அவர்களுடையது என்றால், 2014 டிசம்பரில் வந்த ரஃபீக் மசீ தீர்ப்பைக் காட்டி, பிடித்தத்துக்குத் தடை கேளுங்கள். இனிமேல் வரும் தொகையைச் சரியான விகிதத்துக்குக் குறைக்கலாம். போனதைப் பிடிப்பதுதான் கேள்வி. முன்னறிவிப்பு தராமல் பிடித்திருந்தால் அதையும் மனுவில் எழுதுங்கள்.

வழக்கைத் தீர்மானிக்கும் காகிதங்கள்

குடும்ப ஓய்வூதிய வழக்கில் நீதிபதி பார்ப்பது பெரும்பாலும் ஒரே விஷயத்தை: இவர் சட்டப்படி மனைவியா? வழக்கறிஞரைப் பார்க்கும் முன் கீழே உள்ளவற்றைத் தேடி எடுங்கள்.

பணிப்பதிவேடு எனப்படும் எஸ்.ஆர். முதலில். அதில் குடும்ப விவரப் பக்கமும் நாமினி படிவங்களும் ஒட்டியிருக்கும். கணவர் எந்த ஆண்டு உங்கள் பெயரை எழுதினார், பின்னால் அடித்துத் திருத்தினாரா, திருத்தத்தில் அலுவலரின் கையெழுத்தும் தேதியும் இருக்கிறதா என்று பாருங்கள். உரிமையை முடிவு செய்வது நாமினி பெயர் இல்லை என்று மேலே சொன்னோம்; ஆனால் ‘இவர் என் மனைவி’ என்று கணவரே கைப்பட எழுதிய சான்றாக அந்தப் பக்கம் பெரிதும் உதவும். ஓய்வு பெற்றவர் என்றால், ஓய்வூதிய முன்மொழிவில் வைத்த கணவன் மனைவி கூட்டுப் புகைப்படமும் அப்படியே.

திருமணத்துக்கு: பதிவுச் சான்று இருந்தால் நல்லது. தமிழ்நாட்டில் 2009 நவம்பர் முதல்தான் பதிவு கட்டாயம். அதற்கு முன் நடந்த திருமணத்துக்குச் சான்று இல்லை என்பதே குறையாகாது. கோயில் ரசீது, அழைப்பிதழ், புகைப்படம், தாலி கட்டியதைப் பார்த்தவர்களின் சாட்சியம் ஆகியவை போதும். சுயமரியாதைத் திருமணம் என்றால், இந்துத் திருமணச் சட்டத்தில் 1967ஆம் ஆண்டுத் தமிழ்நாட்டுத் திருத்தம் சேர்த்த 7-ஏ பிரிவு அதைச் செல்லுபடியாக்குகிறது. ஐயர் இல்லை, அக்கினி இல்லை என்று யாரும் மறுக்க முடியாது.

சேர்ந்து வாழ்ந்ததற்கு: பழைய குடும்ப அட்டை, வாக்காளர் பட்டியல், பிள்ளைகளின் பள்ளி மாற்றுச் சான்றிதழ், கூட்டு வங்கிக் கணக்கு, காப்பீட்டுப் பத்திரம், அரசு மருத்துவக் காப்பீட்டு அட்டை.

பெயர் வேறுபாட்டை இப்போதே சரிசெய்யுங்கள். எஸ்.ஆரில் ‘லட்சுமி’, ஆதாரில் ‘மகாலட்சுமி’, வங்கிக் கணக்கில் தகப்பனார் இனிஷியல், குடும்ப அட்டையில் கணவர் இனிஷியல் என்று இருந்தால் கோப்பு ஒவ்வொரு மேசையிலும் நிற்கும். இரண்டு பெயரும் ஒருவரையே குறிக்கும் என்று நோட்டரி முன் உறுதிமொழிப் பத்திரமும், வருவாய்த் துறைச் சான்றும் வாங்கி வையுங்கள்.

முதல் வேலை: எழுத்தில் மனு, எழுத்தில் பதில்

வாய்மொழிப் பதிலை எதிர்த்து வழக்குப் போடுவது கடினம். ஆகவே இப்படி எழுதுங்கள்:

> பெறுநர்: (ஓய்வூதியம் அனுமதிக்கும் அலுவலர், துறை, ஊர்)
>
> ஐயா/அம்மா,
>
> என் கணவர் (பெயர், பதவி) தங்கள் அலுவலகத்தில் பணிபுரிந்து (தேதி) அன்று இறந்தார். நான் அவருடைய சட்டபூர்வமான மனைவி. எங்கள் திருமணம் (தேதி, இடம்) நடந்தது. தமிழ்நாடு ஓய்வூதிய விதிகள் 1978, விதி 49இன்படி எனக்குக் குடும்ப ஓய்வூதியம் அனுமதிக்குமாறு வேண்டுகிறேன். வேறு யாரேனும் ஆட்சேபணை தந்திருந்தால் அதன் நகலை எனக்குத் தந்து, என் விளக்கத்தைக் கேட்டபின், காரணங்களுடன் எழுத்துபூர்வமான ஆணை பிறப்பிக்கவும். தகராறில்லாத பங்கு இருந்தால் அதை உடனே வழங்கவும்.
>
> இணைப்பு: (ஒவ்வொரு நகலையும் எண்ணிட்டு எழுதவும்)

நேரில் கொடுத்தால் இரண்டாம் நகலில் முத்திரையும் தேதியும் வாங்குங்கள். அனுப்பினால் ஒப்புகை கிடைக்கும்படி அனுப்புங்கள். மாநிலக் கணக்காயர் அலுவலகத்துக்கு, அதாவது ஏ.ஜி. அலுவலகத்துக்கு, ஒரு நகல் போகட்டும். கோப்பு எங்கே நிற்கிறது என்று தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். 30 நாளில் பதில் தர வேண்டும்.

எந்த நீதிமன்றம்?

தவறான வாசலில் போய் நின்று இரண்டு மூன்று ஆண்டை இழப்பவர்கள் உண்டு. கணக்கு இதுதான்.

நீங்கள் மனைவி என்பதில் யாருக்கும் சந்தேகமில்லை, அலுவலகம்தான் இழுத்தடிக்கிறது அல்லது விதியைத் தவறாகப் பொருள்கொள்கிறது என்றால்: தமிழக அரசு ஊழியரின் குடும்பம் சென்னை உயர் நீதிமன்றத்திலோ, தென் மாவட்டங்கள் என்றால் மதுரைக் கிளையிலோ ரிட் மனு போட வேண்டும். மத்திய அரசு ஊழியரின் குடும்பம் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் சென்னை அமர்வுக்குப் போக வேண்டும். அங்கே ஆணை வந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் மனு போட வேண்டும். மனு கொடுத்தும் பதில் இல்லையென்றால் ஆறு மாதம் காத்திருந்து, அதற்கடுத்த ஓராண்டுக்குள் போடலாம். ராணுவக் குடும்பங்களுக்கு ராணுவத் தீர்ப்பாயம்.

யார் மனைவி என்பதே தகராறு என்றால், ரிட் மனுவில் உயர் நீதிமன்றம் சாட்சி விசாரணை செய்யாது. உரிமையியல் நீதிமன்றத்துக்குப் போங்கள் என்றே பெரும்பாலும் அனுப்பும். அப்போது ‘நானே சட்டபூர்வமான மனைவி’ என்ற விளம்புகை கேட்டு, குடும்ப நீதிமன்றத்திலோ உரிமையியல் நீதிமன்றத்திலோ வழக்குப் போட வேண்டும். எதிர்மனுதாரராக மற்ற உரிமை கோருபவரோடு துறையையும் கருவூலத்தையும் சேருங்கள். சேர்க்காவிட்டால் ‘எங்களைக் கட்டுப்படுத்தாது’ என்பார்கள். அரசைச் சேர்க்கும் உரிமையியல் வழக்குக்கு இரண்டு மாத முன்னறிவிப்பு வேண்டும்; அவசரம் என்றால் நீதிமன்ற அனுமதியோடு அதில் விலக்குக் கேட்கலாம். வழக்கோடு சேர்த்தே, முடிவு வரும்வரை எதிர்த்தரப்புக்குப் பணம் தராமலிருக்க இடைக்காலத் தடை கேளுங்கள்.

வாரிசுரிமைச் சட்டப்படி நீதிமன்றம் தரும் வாரிசுரிமைச் சான்று, வைப்பு நிதி, வங்கி இருப்பு போன்ற இறந்தவரின் பணத்துக்கானது. குடும்ப ஓய்வூதியத்துக்கு அதை வாங்கிவரச் சொன்னால், எந்த விதியின்படி கேட்கிறீர்கள் என்று எழுத்தில் கேளுங்கள்.

வழக்கறிஞருக்குக் கொடுக்கப் பணமில்லை என்று பின்வாங்க வேண்டாம். 1987ஆம் ஆண்டு சட்டப்பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின் 12ஆவது பிரிவின்படி, பெண் என்பதே இலவச சட்ட உதவிக்குப் போதும்; வருமான வரம்பு கிடையாது. மாவட்ட நீதிமன்ற வளாகத்திலும் தாலுகா நீதிமன்றத்திலும் அலுவலகம் இருக்கும். உதவி எண் 15100.

காலம் கடந்துவிட்டதே என்றால்

மாதாமாதம் வரவேண்டிய பணம் மறுக்கப்படுவது தொடரும் தவறு. ஆகவே பத்து வருடம் கழித்தும் கேட்கலாம். ஆனால் நிலுவைத் தொகைக்கு எல்லை உண்டு. 2008இல் தர்செம் சிங் வழக்கில், ரிட் மனு போட்ட நாளுக்கு முந்தைய மூன்று ஆண்டு நிலுவை மட்டுமே பொதுவாகக் கிடைக்கும் என்று உச்ச நீதிமன்றம் வகுத்தது. மேலே சொன்ன 12,600 ரூபாயை 2012 ஜூன் முதல் பெறவேண்டியவர் 2024 ஜூனில் மனு போட்டால், ஒன்பது ஆண்டுப் பணம் போய்விடும். அகவிலைப்படி சேர்க்காமலேயே 13,60,800 ரூபாய். சமாதானம் பேசிப் பார்க்கலாம் என்று உறவினர்கள் சொன்னால் பேசுங்கள். மனுவை மட்டும் நிறுத்தாதீர்கள்.

தீர்ப்பு வந்த பிறகு

தீர்ப்பு வந்ததும் பணம் தானாக வராது. சான்றிட்ட நகல் வாங்கி, முகப்புக் கடிதத்தோடு துறைக்கும் ஏ.ஜி. அலுவலகத்துக்கும் கருவூலத்துக்கும் தனித்தனியாகக் கொடுங்கள். ‘மேல்முறையீடு போயிருக்கு’ என்றால், தடை உத்தரவு இருக்கிறதா என்று கேளுங்கள். மேல்முறையீடு செய்ததாலேயே தீர்ப்பு நின்றுவிடாது. உயர் நீதிமன்றம் குறித்த கெடு முடிந்தும் நிறைவேற்றவில்லை என்றால், ஓராண்டுக்குள் அவமதிப்பு மனு போட வேண்டும். அந்த ஓராண்டைத் தவறவிட வேண்டாம். உரிமையியல் நீதிமன்றத் தீர்ப்பு என்றால் நிறைவேற்றுகை மனு.

ஆணை கைக்கு வந்த அன்றே நான்கு இடங்களைப் பாருங்கள்: கணவரின் கடைசி அடிப்படைச் சம்பளம், ஓய்வூதியம் தொடங்கும் தேதி, உயர்த்தப்பட்ட விகிதம் முடியும் தேதி, உங்கள் பெயரும் பிறந்த தேதியும். வயது ஏற ஏற வரும் கூடுதல் ஓய்வூதியம் அந்தப் பிறந்த தேதியை வைத்துத்தான் கணக்கிடப்படும். ஒரு எழுத்துப் பிழை என்றாலும் முதல் மாதமே எழுதிக் கேட்டுத் திருத்துங்கள். கடன்காரர் எவரும் இந்தப் பணத்தை ஜப்தி செய்ய முடியாது; 1871ஆம் ஆண்டு ஓய்வூதியச் சட்டம் அதைத் தடுக்கிறது. வங்கிப் புத்தகத்தையும் அட்டையையும் உங்கள் கையிலேயே வைத்துக்கொள்ளுங்கள். இத்தனை அலைந்து வாங்கிய பணம் உங்கள் பெயரில் வருகிறது. அதை எப்படிச் செலவழிப்பது என்பதை முடிவு செய்யவேண்டியவரும் நீங்கள்தான்.